பேசும் படம் வந்தபோது ஊமைப்படத்துக்காக ஏங்கியவர்கள் யார்?

அஸ்தம்பட்டியைச் சேர்ந்த ஒரு கல்லூரி மாணவர் கேட்டிருக்கும் கேள்வி இது: "சார், பேசும் படம் வந்ததும் ஊரே திரண்டு கொண்டாடியது என்றுதான் எல்லா இடத்திலும் படிக்கிறேன். ஊமைப்படமே நன்றாக இருந்தது என்று அந்தக் காலத்தில் யாராவது உண்மையிலேயே வருத்தப்பட்டார்களா? இல்லை, பின்னால் வந்தவர்கள் கட்டிய கதையா? நம்ம சேலம் பக்கம் அந்த ஏக்கம் இருந்ததா?"

கட்டிய கதை இல்லை தம்பி. வருத்தப்பட்டவர்கள் இருந்தார்கள். அதிலும் சினிமாவை நன்றாக அறிந்தவர்கள்தான் அதிகம் வருத்தப்பட்டார்கள். ஆனால் எல்லோரும் ஒரே விஷயத்துக்காக வருத்தப்படவில்லை. படம் எடுத்தவர் ஒன்றுக்காக, கொட்டகையில் வாத்தியம் வாசித்தவர் இன்னொன்றுக்காக, நடிகை வேறொன்றுக்காக. நம் ஊர் ஜனங்கள் மட்டும் அன்றைக்குப் பெரிதாக ஏங்கவில்லை. ஏங்காமல் இருக்க அவர்களுக்கு நியாயமான காரணம் இருந்தது. நமக்கு அந்த ஏக்கம் மிகவும் பிந்தி வந்தது. வந்து திரும்பிப் பார்த்தபோது, ஏங்குவதற்கு ஒரு படம்கூடக் கையில் மிஞ்சவில்லை. என்னைக் கேட்டால் இந்தக் கதையில் பெரிய இழப்பு அதுதான். விரிவாகவே சொல்கிறேன்.

முதலில் தேதிகளைச் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் 'தி ஜாஸ் சிங்கர்' 1927 அக்டோபர் 6-ம் தேதி வெளியானது. அதில் பேச்சு கொஞ்சம்தான், பாதிக்கு மேல் ஊமைப்படம் மாதிரியேதான் ஓடும். ஆனாலும் அடுத்த இரண்டு மூன்று ஆண்டுகளுக்குள் ஹாலிவுட் ஊமைப்படத்தை ஏறக்கட்டிவிட்டது. இந்தியாவின் முதல் பேசும் படம் 1931 மார்ச் 14-ம் தேதி மும்பை மெஜஸ்டிக் தியேட்டரில் வந்த 'ஆலம் ஆரா'. தமிழின் முதல் பேசும் படம் அதே ஆண்டு அக்டோபர் 31-ம் தேதி சென்னை கினிமா சென்ட்ரலில் வந்த 'காளிதாஸ்'. இரண்டையும் தயாரித்தவர் அர்தேஷிர் இரானி. காளிதாஸை இயக்கியவர் எச்.எம். ரெட்டி. அதில் டி.பி. ராஜலட்சுமி தமிழில் பேசுவார், கதாநாயகன் தெலுங்கில் பதில் சொல்வார். இன்றைக்கு நினைத்தால் விசித்திரமாக இருக்கும். அன்றைக்குத் திரை பேசியதே போதும் என்று கூட்டம் போனது.

சரி, போனது என்ன என்று தெரிந்தால்தான் வருந்தியவர்களின் மனசு புரியும். ஊமைப்படம் என்றால் சத்தமே இல்லாமல் எல்லோரும் கம்மென்று உட்கார்ந்து பார்த்தார்கள் என்று நினைக்காதே. உண்மையில் கொட்டகை சத்தக்காடாகத்தான் இருக்கும்.

நம் பக்கத்துக் கதை சாமிக்கண்ணு வின்சென்டில் தொடங்குகிறது. திருச்சியில் ரயில்வேயில் படம் வரையும் வேலையில் இருந்தவர். 1905-ல் டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜக்டரையும் கொஞ்சம் படச்சுருளையும் விலைக்கு வாங்கினார். அவ்வளவுதான், வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராகக் கூடாரம் அடித்துக் காட்டக் கிளம்பிவிட்டார். பிறகு கோயம்புத்தூரில் வெரைட்டி ஹாலைக் கட்டினார். அவரும் அவரைப் பார்த்துக் கிளம்பிய மற்றவர்களும் போட்ட கூடாரங்களில்தான் தமிழ்நாட்டின் சிற்றூர்கள் முதன்முதலாகப் படம் பார்த்தன. மணல் தரை, நடுவே கம்பம், முன்னால் வெள்ளைத் துணி. பின்னால் ஒரே ஒரு புரொஜக்டர்.

அந்த 'ஒரே ஒரு' என்பதைக் கவனி. ஒரு ரீல் ஆயிரம் அடி. அது முடிந்ததும் ஆபரேட்டர் அடுத்த ரீலை மாட்டியாக வேண்டும். அதுவரை கூட்டத்தை உட்கார வைப்பது எப்படி? நடனம் வைத்தார்கள், குஸ்தி வைத்தார்கள், குத்துச்சண்டைகூட வைத்தார்கள். படம் ஓடும்போது ஆர்மோனியம், தபலா. கூடவே ஒருவர் திரைக்குப் பக்கத்தில் நின்று கதையைச் சொல்லிக்கொண்டே வருவார். நடுநடுவே வரும் எழுத்து அட்டைகளை உரக்கப் படிப்பதும் அவர் வேலை. 1931 கணக்கெடுப்பின்படி இந்தியாவில் பத்தில் ஒருவருக்குக்கூட எழுதப் படிக்கத் தெரியாது. அப்படிப்பட்ட நாட்டில் அந்த ஆள் இல்லாமல் அட்டைகளால் பாதிப் பேருக்குமேல் பிரயோஜனமில்லை.

செவ்வாய்பேட்டையில் வெள்ளிப் பட்டறை வைத்திருந்த என் தாத்தா சிறுவயதில் கூடாரத்தில் பார்த்த படங்களைப் பற்றிச் சொல்லும்போது நடிகர் பெயர் ஒன்றும் வராது. கதை சொன்ன ஆளைப் பற்றித்தான் சொல்வார். பீமன் கதாயுதத்தைப் பிடித்து உயர்த்தினால் அந்த ஆள் உறுமுவாராம். வில்லன் வந்தால் நம்ம ஊர் வசவையே அவன்மேல் எடுத்து விடுவாராம். கூட்டத்திலிருந்து ஒருத்தன் குறுக்கே ஏதாவது கேட்டால் படத்தை விட்டுவிட்டு அவனுக்குப் பதில் சொல்லிவிட்டுத் திரும்பி வருவாராம். படம் பேச ஆரம்பித்த பிறகு கொட்டகையில் ஜனங்கள் பேசுவது குறைந்து போனது என்பதுதான் தாத்தாவுக்கு இருந்த ஒரே மனக்குறை. படங்களைப் பற்றிய குறை அவருக்கு இல்லவே இல்லை. ஆனால் நான் படித்த எந்தப் பெரிய விமர்சகரும் இதைவிடச் சரியாக மாற்றத்தைச் சொன்னதில்லை. ஊமைப்படம் பெட்டியில் முக்கால்வாசியாகத்தான் வந்து சேரும். மீதிக் கால்வாசியை அந்தந்த ஊர்க் கொட்டகை அன்றன்றைக்குச் செய்து முடிக்கும். பேசும் படம் முழுதாக முடிந்து வந்தது. சேலத்திலும் சென்னையிலும் ஒரே மாதிரிதான் ஓடும்.

வேகத்தின் கதையும் இதோடு சேர்ந்ததுதான். இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் ஊமைப்படத்தைப் பற்றி இன்றுள்ள பெரிய தப்பெண்ணம் இங்கிருந்துதான் வருகிறது. அந்தக் காலக் காமிராவுக்குக் கைப்பிடி உண்டு. ஒரு சுற்று சுற்றினால் எட்டு ஃப்ரேம், அதாவது எட்டுத் தனித்தனிப் படம், பதிவாகும். நொடிக்கு இரண்டு சுற்று என்பது பழக்கம், ஆக நொடிக்குப் பதினாறு ஃப்ரேம். ஆனால் அது சட்டம் இல்லை. காமிராக்காரர் சண்டைக்காட்சியை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி எடுப்பார், திரையில் அது பாய்ச்சலாகத் தெரியும். கொட்டகை ஆபரேட்டருக்கும் கையில்தான் பிடி. அழுகைக் காட்சியை நிறுத்தி ஓட்டலாம், துரத்தலை விரட்டி ஓட்டலாம். கூட்டத்தின் மூச்சைப் பார்த்துக் கையை அசைத்தார் என்றே சொல்லலாம். இதே ஆபரேட்டர் ராத்திரி இரண்டாவது காட்சியை அவசரமாக ஓட்டி முடிப்பதும் உண்டு, அதையும் மறைக்க வேண்டாம்.

சத்தம் வந்ததும் இதெல்லாம் நின்றது. ஒலிக்கோடு ஃபிலிமிலேயே படத்துக்குப் பக்கத்தில் அச்சாகி வருகிறது. வேகம் கொஞ்சம் மாறினாலும் குரல் கீச்சிடும், இல்லையென்றால் இழுக்கும். அதனால் மோட்டார் வைத்து நொடிக்கு 24 ஃப்ரேம் என்று கட்டிப்போட்டார்கள். ஆயிரம் அடி ரீல் பதினாறு ஃப்ரேம் கணக்கில் ஏறக்குறைய பதினேழு நிமிஷம் ஓடும், இருபத்து நாலில் பதினோரு நிமிஷம்தான். அப்புறம் நடந்தது ஒரு அநியாயம். பழைய ஊமைப்படங்களைப் புது இயந்திரத்தில் மாட்டி 24-ல் ஓட்டினார்கள். நடப்பவர் எல்லோரும் தத்தித் தத்தி ஓடினார்கள், அழுபவர் வெட்டி வெட்டி அழுதார். டிவியிலும் அப்படியே வந்தது. ஊமைப்படக் காலத்து நடிப்பே அப்படித்தான் என்று இரண்டு மூன்று தலைமுறை நம்பிவிட்டது. அந்தப் படங்களை முதலில் பார்த்தவர்கள் அப்படிப் பார்க்கவே இல்லை.

படம் எடுத்தவர்களின் வருத்தம் வேறு. 1920-களின் கடைசியில் ஊமைப்படம் உச்சத்தில் இருந்தது. ஜெர்மனியிலிருந்து அமெரிக்கா போன முர்னாவ் 1927-ல் எடுத்த 'சன்ரைஸ்' படத்தைப் பார்த்தால், காமிரா சதுப்பு நிலத்தில் ஒரு மனிதனின் பின்னாலேயே நடந்து போவது தெரியும். அட்டைகளும் சொற்பம். அடுத்த ஆண்டே வந்த பேசும் படங்களில் காமிரா அசையாது. காமிராவின் கடகட சத்தம் மைக்கில் விழுந்துவிடுமே என்று அதையும் அதை இயக்குபவரையும் சத்தம் கசியாத பெட்டிக்குள் போட்டு மூடினார்கள். மைக்கைப் பூச்சாடிக்குள் ஒளித்து வைத்து நடிகர்களை அதைச் சுற்றி நிற்க வைத்தார்கள். கலை வளர்ந்து நடை பழகி ஓட ஆரம்பித்த நேரத்தில் மறுபடி உட்கார வைத்துவிட்டார்களே என்ற ஆத்திரம் அவர்களுக்கு. அது நியாயமான ஆத்திரம். அந்த இரண்டு மூன்று வருஷத்துப் படங்களைப் பார்க்கிற எவரும் ஒத்துக்கொள்வார்கள்.

ரஷ்யாவில் ஐசன்ஸ்டைன், புதோவ்கின், அலெக்சாந்திரோவ் என்ற இயக்குநர்கள் மூவரும் 1928-லேயே ஒரு கூட்டறிக்கை விட்டார்கள். அவர்கள் சத்தத்தை எதிர்க்கவில்லை. உதடு அசைவதற்கேற்ற பேச்சை அப்படியே ஒட்டினால் அது நாடகத்தைப் படம் பிடித்ததாகிவிடும், காட்சியோடு காட்சி மோதிப் பொருள் தரும் வித்தை செத்துவிடும் என்பது அவர்கள் கவலை. ஜெர்மனியில் ருடால்ஃப் ஆர்ன்ஹைம் 1932-ல் எழுதிய நூலில் இன்னும் ஒரு படி மேலே போனார். சத்தம் இல்லை, வண்ணம் இல்லை என்ற குறைகளே சினிமாவைக் கலையாக்கின, குறை தீரத் தீரக் கலையும் போய்விடும் என்று வாதிட்டார். இந்த அளவுக்கு என்னால் அவரோடு போக முடியாது. ஆனால் அவர் குறிப்பிட்ட இழப்பு உண்மையானது.

எல்லாரிலும் பிடிவாதமாக நின்றவர் சார்லி சாப்ளின். உலகமே பேச ஆரம்பித்த பிறகு 1931-ல் 'சிட்டி லைட்ஸ்' படத்தை வசனம் இல்லாமல் வெளியிட்டார். இசையைத் தானே அமைத்து ஃபிலிமில் சேர்த்தார், பேச்சை மட்டும் சேர்க்கவில்லை. முதல் காட்சியிலேயே பெரிய மனிதர்கள் சிலை திறந்து சொற்பொழிவு ஆற்றுவார்கள், வாயிலிருந்து வருவது வெறும் கீச்சுக்குரல்தான். பேசும் படத்துக்கு அவர் கொடுத்த பதில் அது. அவர் நடிக்கும் அந்த நாடோடி, ஆங்கிலத்தில் ஒரு வார்த்தை பேசிவிட்டால் அந்த நிமிஷமே இங்கிலீஷ்காரன் ஆகிவிடுவான். பேசாதவரை அவன் அம்மாபேட்டை நெசவாளிக்கும் சொந்தக்காரன். சாப்ளின் திரையில் வாய்விட்டு நீளமாகப் பேசியது 1940-ல் 'தி கிரேட் டிக்டேட்டர்' படத்தில்தான். அங்கே அவருக்குச் சொல்ல வேண்டியது இருந்தது.

வேலை போனவர்களின் வருத்தத்தைக் கலை வருத்தத்தோடு கலக்கக் கூடாது, அது வயிற்றுப் பிரச்சினை. அமெரிக்கத் தியேட்டர்களில் வாத்தியம் வாசித்துப் பிழைத்த ஆயிரக்கணக்கானவர்கள் சில ஆண்டுகளுக்குள் தெருவுக்கு வந்தார்கள். அவர்கள் சங்கம் டப்பாவில் அடைத்த இசை வேண்டாம் என்று பத்திரிகைகளில் காசு கொடுத்து விளம்பரம் போட்டது. இரும்பு மனிதன் இசைக் கருவி வாசிப்பதுபோல அதில் படம் இருக்கும். ஜப்பானில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்பவர்களுக்குப் பென்ஷி என்று பெயர். நடிகர்களுக்குச் சமமாகப் புகழ் பெற்றவர்கள். அவர்கள் வேலைநிறுத்தமே செய்தார்கள். அவர்கள் செல்வாக்கினாலும் ஜப்பானில் ஊமைப்படம் 1930-களின் நடுப்பகுதிவரை தாக்குப்பிடித்தது. இயக்குநர் அகிரா குரோசவாவின் அண்ணன் ஒரு பென்ஷி. தொழில் அழிந்துகொண்டிருந்த 1933-ல் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். நம் கூடாரங்களில் கதை சொன்னவர்களும் ஆர்மோனியம் வாசித்தவர்களும் என்ன ஆனார்கள் என்று யாரும் எழுதி வைக்கவில்லை. ஜப்பானியர் பென்ஷிகளின் பெயர்களைப் பத்திரப்படுத்தியிருக்கிறார்கள், நாம் ஒரு பெயரைக்கூட வைத்துக்கொள்ளவில்லை.

மும்பையில் நடிகர்களின் பாடு இன்னொரு மாதிரி. சுலோசனா என்ற பெயரில் நடித்த ரூபி மேயர்ஸ் ஊமைப்படக் காலத்தின் மிகப் பெரிய நட்சத்திரம். இந்துஸ்தானி சரளமாக வராது. ஒரு வருஷம் ஒதுங்கியிருந்து மொழி படித்துவிட்டுத் திரும்பி, தன் பழைய ஊமைப்படத்தையே பேசும் படமாக எடுத்து நடித்தார். ஆலம் ஆராவின் நாயகன் மாஸ்டர் விட்டல் சண்டைப்பட வீரர். அவருக்கும் மொழி தகராறு என்பதால் வசனத்தைக் குறைத்துவிட்டார்கள். ஸ்டூடியோவை ஒட்டி ரயில் போகும் என்பதால் ராத்திரி ஒரு மணிக்கு மேல் வண்டி ஓட்டம் அடங்கிய பிறகுதான் அந்தப் படத்தைப் பதிவு செய்தார்கள்.

இனி நம்ம கதைக்கு வருகிறேன். தமிழ் ஊமைப்படம் என்று ஒன்று இருந்தது, நல்ல வளர்ச்சியோடும் இருந்தது. மோட்டார் கார் வியாபாரத்தில் இருந்த ஆர். நடராஜ முதலியார் 1910-களின் பிற்பகுதியில் சென்னை கீழ்ப்பாக்கத்தில் 'கீசக வதம்' எடுத்தார். தென்னிந்தியாவின் முதல் கதைப்படம் அது. தீ விபத்தில் மகனைப் பறிகொடுத்த பிறகு தொழிலையே விட்டுவிட்டார். 1929-ல் ஏ. நாராயணன் ஜெனரல் பிக்சர்ஸ் கார்ப்பரேஷனைத் தொடங்கி மளமளவென்று படம் எடுத்தார். புதுக்கோட்டைக்காரரான ராஜா சாண்டோ மும்பையில் பெரிய நாயகனாக இருந்தவர், சென்னைக்கு வந்து 'பேயும் பெண்ணும்', 'அனாதைப் பெண்' முதலான ஊமைப்படங்களை இயக்கினார். புராணத்தை விட்டு, நடப்பு வாழ்க்கையைச் சொல்லும் கதைகளில் கை வைத்தார். காமிராக்காரர், லேப் ஆட்கள், ஸ்டண்ட் ஆட்கள் என்று சென்னையில் ஒரு தொழில் உருவாகிக்கொண்டிருந்தது. 1927-28-ல் டி. ரங்காச்சாரியார் தலைமையில் அரசு அமைத்த சினிமா விசாரணைக் குழு முந்நூறுக்கும் மேற்பட்டவர்களிடம் வாக்குமூலம் வாங்கியது. அதில் சென்னை மாகாணத்து ஆட்களும் உண்டு. நீ ஆராய்ச்சி செய்கிறவன் என்றால் அந்தத் தொகுதிகளைத் தேடிப் படி. ஊமைப்படக் காலத்து நம் கொட்டகைக்காரர்கள் பேசுவதை அவர்கள் வாயாலேயே கேட்கலாம்.

பேசும் படம் வந்து இந்தச் சென்னைத் தொழிலை ஒரே அடியில் சாய்த்துவிட்டது. இதை யாரும் அதிகம் பேசுவதில்லை. தமிழுக்குக் குரல் கிடைத்தபோது தமிழ் சினிமா தமிழ்நாட்டை விட்டு வெளியேறியது. ஒலிப்பதிவுக் கருவி சென்னையில் கிடையாது. அதனால் நம் நடிகர்கள் பெட்டி படுக்கையோடு மும்பைக்கும் கல்கத்தாவுக்கும் ரயிலேறினார்கள். 1934-ல் நாராயணன் தன் சீனிவாசா சினிடோனில் 'ஸ்ரீநிவாச கல்யாணம்' எடுக்கும்வரை சென்னையில் ஒரு பேசும் படம்கூட உருவாகவில்லை. அந்த ஸ்டூடியோவில் ஒலிப்பதிவு செய்தவர் அவர் மனைவி மீனாட்சி. ஊமைப்படத்தில் ஊறிய ஒருவர்தான் சத்தத்தைச் சென்னைக்குக் கொண்டு வந்தார் என்பதில் எனக்குத் தனி மகிழ்ச்சி.

நம்ம சேலமும் அதே ரயிலில்தான் போனது. டி.ஆர். சுந்தரம் இங்கிலாந்தில் லீட்ஸில் ஜவுளித் தொழில்நுட்பம் படித்துவிட்டு வந்தவர். சேலத்து ஏஞ்சல் பிலிம்ஸில் கூட்டாளியாகச் சேர்ந்து 'திரௌபதி வஸ்திராபஹரணம்' போன்ற படங்களைக் கல்கத்தாவில் எடுத்தார்கள். ஒவ்வொரு படத்துக்கும் இத்தனை தூரம் ஏன் அலைய வேண்டும் என்று யோசித்துத்தான் 1935-ல் ஏற்காடு அடிவாரத்தில் மாடர்ன் தியேட்டர்ஸைத் தொடங்கினார். 1937-ல் 'சதி அகல்யா' வந்தது. ஊமைப்படம் நீடித்திருந்தால் நம் ஊரில் இந்த ஸ்டூடியோவுக்கு அவசியமே வந்திருக்காது. காமிராவைத் தூக்கிக்கொண்டு எங்கே வேண்டுமானாலும் எடுக்கலாமே! இன்றைக்கு ஏற்காடு ரோட்டில் நிற்கும் அந்த முகப்பு வளைவு சத்தம் வந்ததால் எழுந்தது. அதனால் சேலத்துக்காரன் ஊமைப்படத்துக்காக அழவில்லை என்றால் அதில் ஆச்சரியமில்லை.

ஜனங்கள் ஏன் ஏங்கவில்லை என்பதற்கும் இங்கேதான் பதில். அவர்களுக்கு ஏற்கெனவே சங்கரதாஸ் சுவாமிகள் வழி வந்த நாடகங்களின் பாட்டுகள் மனப்பாடம். கொட்டாய் நாடகம் பார்க்க விடிய விடிய உட்கார்ந்தவர்கள். அந்தப் பாட்டையும் அந்தக் குரலையும் நாலணா கொடுக்காமலேயே பக்கத்தூர்க் கொட்டகையில் கேட்கலாம் என்றால் விடுவார்களா? 1932-ல் வந்த இந்தி 'இந்திர சபா'வில் ஏறக்குறைய எழுபது பாட்டு. தமிழ்ப் படங்களிலும் நாற்பது ஐம்பது என்று இருந்தது. காமிரா அசையவில்லையே என்று அவர்கள் கவலைப்படவில்லை, காது நிறைந்தது. பக்கத்தில் இருப்பவர் படித்துச் சொல்ல வேண்டும் என்ற தேவையும் போயிற்று. எழுதப் படிக்கத் தெரியாத ஒருத்தி யார் தயவும் இல்லாமல் கதை புரிந்துகொண்டது சின்ன விஷயமா? காளிதாஸ் படத்திலேயே காந்தியின் ராட்டையைப் பற்றிய பாஸ்கரதாஸின் பாட்டு இருந்தது, கதைக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. தேச விடுதலைப் பாட்டு திரையிலிருந்து தமிழில் கேட்டபோது எவன் ஊமைப்படத்தை நினைப்பான்? ஐசன்ஸ்டைனின் கவலை சரி, நம் ஜனங்களின் சந்தோஷமும் சரி. இரண்டையும் ஒப்புக்கொள்கிறேன்.

அப்படியானால் இழப்பு எங்கே? படங்கள் போய்விட்டன தம்பி. அந்தக் காலத்து ஃபிலிம் நைட்ரேட்டில் செய்தது. தீப்பிடித்தால் தண்ணீருக்குள் முக்கினாலும் அணையாது, எரிவதற்கான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. வெயிலும் ஈரமும் பட்டால் பிசுபிசுத்துப் பொடியாகும். அதைவிட மோசம், கறுப்பு வெள்ளைப் படத்தின் கறுப்பு என்பது அசல் வெள்ளித் துகள். பேசும் படம் வந்தபின் ஊமைப்படத்துக்கு வாடகை மதிப்பு கிடையாது, வெள்ளி மதிப்பு உண்டு. அதனால் ஓய்ந்த சுருள்களைக் கழுவி வெள்ளி எடுப்பது உலகம் முழுக்க நடந்தது. பட்டறைத் தரையைக் கூட்டிய குப்பையைக்கூட எரித்து வெள்ளி பிரிப்பதைச் செவ்வாய்பேட்டையில் பார்த்து வளர்ந்தவன் நான். ஒரு தொழில்காரன் பழைய சுருளைப் பார்த்தால் என்ன நினைத்திருப்பான் என்று எனக்கு நன்றாகத் தெரியும், அவனைக் குறை சொல்லவும் மாட்டேன். காப்பாற்றி வைக்க வேண்டிய இடம் இந்த நாட்டில் இல்லை. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964-ல்தான் வந்தது.

இந்தியாவில் எடுத்த ஊமைப்படங்கள் ஆயிரத்து முந்நூறு அளவில் இருக்கும். துண்டு துணுக்குகளையும் சேர்த்து இன்று மிஞ்சியது அதில் மிகச் சொற்பம். தென்னிந்தியாவில் எடுத்த நூற்றுக்கும் மேற்பட்டவற்றில் ஏறக்குறைய முழுதாகத் தப்பியது ஒன்றே ஒன்று, 1933-ல் வந்த 'மார்த்தாண்ட வர்மா'. அதைத் தயாரித்தவர் ஆர். சுந்தர்ராஜ். சி.வி. ராமன் பிள்ளையின் நாவலைப் படமாக்கினார், நாவலின் பதிப்புரிமை வைத்திருந்த புத்தகக் கம்பெனி வழக்குப் போட்டது. படச்சுருளைக் கைப்பற்றிப் பூட்டி வைத்தார்கள். ஊர் ஊராக ஓடித் தேயாமல், வெள்ளிக்குப் போகாமல் அது பிழைத்ததற்கு அந்த வழக்குதான் காரணம். 1974-ல் புனே காப்பகத்துக்கு வந்தது. நடராஜ முதலியார் எடுத்த ஒரு படமும் இல்லை, சென்னையில் ராஜா சாண்டோ எடுத்த ஊமைப்படமும் இல்லை. ஆலம் ஆராவும் காளிதாஸும்கூட இல்லை. வெள்ளைக்காரன் தன் ஊமைப்படத்தை நினைத்து ஏங்கினால் எடுத்துப் போட்டுப் பார்த்துக்கொள்ளலாம். நமக்கு விளம்பரத் துண்டும் ஓரிரு புகைப்படமும்தான்.

சேலத்துக்கு இதில் இன்னொரு பங்கு உண்டு. அந்த மார்த்தாண்ட வர்மா வந்து ஐந்து ஆண்டு கழித்து, 1938-ல், மலையாளத்தின் முதல் பேசும் படமான 'பாலன்' மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பாக வந்தது. மலையாள சினிமா பேசக் கற்றது நம் ஊரில்தான். அந்தப் பிரதியும் இன்று கிடைப்பதில்லை. ஊமைப்படத்துக்கு நேர்ந்த கதி பேசும் படத்தை விட்டு வைக்கவில்லை.

எங்கள் தெருப் பிள்ளைகளுக்குச் சில வருஷம் முன்பு அம்மாபேட்டையில் ஒரு கல்யாண மண்டபத்தில் சாப்ளின் படம் போட்டுக் காட்டினோம். ஸ்பீக்கர் ஏதோ கோளாறில் வேலை செய்யவில்லை. பிள்ளைகள் போய்விடுவார்கள் என்று பயந்தேன். முன்வரிசையில் பேரனை மடியில் வைத்திருந்த ஒரு அம்மா அவனுக்காகக் கதை சொல்ல ஆரம்பித்தார், "பாரு பாரு, பொய் சொல்றான், காசு இல்லடா அவன்கிட்ட" என்று. பத்து நிமிஷத்தில் மண்டபமே அவர் சொல்வதைக் கேட்டுச் சிரித்தது. சாப்ளின் விழப் போகும்போது நாலு பையன்கள் முன்கூட்டியே கத்தினார்கள். தாத்தா சொன்ன கூடாரத்தை எனக்கு அன்றைக்குத்தான் நேரில் பார்த்த மாதிரி இருந்தது. ஸ்பீக்கரைச் சரி செய்ய வந்த பையனை நான் வேண்டாம் என்று திருப்பி அனுப்பிவிட்டேன்.

நீயும் பார்க்க விரும்பினால் எங்கே தொடங்கலாம்? 'சிட்டி லைட்ஸ்', 'சன்ரைஸ்' இரண்டும் சுலபமாகக் கிடைக்கும். இந்தியப் படம் வேண்டுமென்றால் 1929-ல் ஃபிரான்ஸ் ஆஸ்டன் இயக்கிய 'பிரபஞ்ச பாஷ்' நல்ல நிலையில் இருக்கிறது. ஃபால்கே 1919-ல் எடுத்த 'காளிய மர்தன்' பெருமளவு தப்பியிருக்கிறது, அவர் மகள் குட்டிக் கிருஷ்ணனாக வரும் முதல் சில நிமிஷங்களை விட்டுவிடாதே, அந்தக் குழந்தை முகம் காமிராவுக்கு நேராக மாறிக்கொண்டே இருக்கும். பார்க்கும்போது ஆட்கள் தத்தித் தத்தி ஓடினால், அந்தப் பிரதி தப்பான வேகத்தில் ஏற்றப்பட்டது என்று அர்த்தம். பிளேயரில் வேகத்தை 0.75-க்கு மாற்று, 24 ஃப்ரேம் 18 ஆகிவிடும், நடை சரியாகும். பிரதியோடு ஒட்டிய இசை பிடிக்கவில்லை என்றால் அதையும் நிறுத்திவிடு. ஆர்மோனியம் வாசிக்கத் தெரிந்த யாராவது வீட்டுப் பக்கத்தில் இருந்தால் கூப்பிட்டு உட்கார வை. கதை சொல்ல உங்கள் வீட்டுப் பெரியவர் ஒருவரைக் கேள்.